கரைப்பக்கம் போன வெள்ளைப் படகு

கட்டிலின் ஒரு சில்லு உருள மறுத்தது. பேர்ணடெற் குனிந்து அதன் பூட்டைக் கையால் தட்டினாள், பிறகு காலால் மிதித்தாள். அசையவில்லை. மறுபக்கம் நின்ற மகள் கரோலின் மூச்சைப் பிடித்துக்கொண்டு தள்ளவும், ஆஸ்பத்திரியிலிருந்து கொண்டுவந்து போட்டிருந்த அந்தக் கட்டில் தரைவிரிப்பைச் சுருட்டிக்கொண்டு அரைவாசி திரும்பி, சோபாவில் இடித்து நின்றது. அதில் கிடந்த அருள்நாயகம் கண்ணைத் திறக்காமலே, "இன்னும் கொஞ்சம் வலப்பக்கம்" என்றார்.

முப்பது வருடமாக யன்னலோரத்தில் இருந்து ஏரியைப் பார்த்துக்கொண்டிருந்த மனிதர், இன்றைக்கு ஏரிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ரீவியைப் பார்க்கவேண்டும் என்கிறார்.

அவர்கள் பார்க்டேலை விட்டுப் போகாததற்குக் காரணமே அந்த யன்னல்தான். அவர்களோடு கனடாவுக்கு வந்து இறங்கிய குடும்பங்கள் ஒவ்வொன்றாக ஸ்காபரோவுக்கும் பிறகு மார்க்கம் நகருக்கும் வீடு வாங்கிக்கொண்டு போய்விட்டன. அருள்நாயகத்தின் தமக்கை எமில்டா மிசிசாகாவில் இரண்டு கார் நிற்கிற வீட்டில் இருந்தாள். அருள்நாயகம் மட்டும் பதினோராம் மாடியில், பிள்ளை பிறந்து வளர்ந்து வேலைக்கும் போய்விட்ட பிறகும், அந்த இரண்டறை வாடகை வீட்டை விடவில்லை. இங்கிருந்து ஏரி தெரிகிறதே என்பார். ஏரியில் தெரிகிற பாய்கள் அவர் வேலை செய்த பாய்ப்படகுக் கிளப்பின் படகுகள்.

காலையில் நேர்ஸ் வந்திருந்தாள். அவருடைய பாதங்களைத் தொட்டுப் பார்த்தாள். வாசலில் நின்று கரோலினிடம் இன்றைக்கோ நாளைக்கோ என்று மெதுவாகச் சொல்லிவிட்டுப் போனாள். அவருக்கும் கேட்டிருக்கவேண்டும். அதன்பிறகுதான் கட்டிலைத் திருப்பச் சொன்னார்.

கரோலின் பழைய பிலிம் சுருள்களைக் கணினிக்கு மாற்றிக் கொடுக்கும் ஒரு கொம்பனியில் வேலை செய்தாள். நாலு வருடத்துக்கு முன், ஓய்வு பெறப்போகிற மாதத்தில், அருள்நாயகம் கிளப்பின் பரண் ஒன்றைத் துப்புரவாக்கப்போய் ஏழு தகரப் பெட்டிகளைக் கண்டெடுத்தார். எறியச் சொன்ன மனேச்சரிடம், என்னுடைய மகள் இந்த வேலைதான் செய்கிறாள், கொஞ்சம் பொறுங்கள் என்று சொல்லியிருக்கிறார். உள்ளே இருந்தது 1913ஆம் ஆண்டுக் கோடையில் ஏரியில் நடந்த ஒரு பாய்க்கப்பல் போட்டி. பிடித்தவர் அந்தக் காலத்தில் விசுக்கோத்துத் தொழிற்சாலை வைத்திருந்த ஒரு பெரும் பணக்காரர். கமெரா வாங்கிய புதிதில், போட்டிக்குப் பின்னாலேயே தன்னுடைய நீராவிப் படகை ஓடவிட்டு எடுத்திருக்கிறார். பிலிம் சுருங்கி, ஒன்றோடொன்று ஒட்டிப்போய் இருந்தது. கரோலின் மற்ற வேலைகளுக்கு இடையில் அதைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பிரித்தெடுத்தாள். அருள்நாயகம் படுக்கையில் விழுந்த பிறகு அவளிடம் வேறொன்றும் கேட்டதில்லை. வந்தவுடன், எவ்வளவு முடிந்தது என்று மட்டும் கேட்பார்.

"அப்பா, நைன்ரீன் மினிற்ஸ்தான் இருக்கு. சில இடத்தில டமேஜ், ஓகே?" என்றாள் கரோலின். ரீவியின் பின்பக்கம் எதையோ செருகினாள்.

"சத்தம் இல்லையோ?"

"சைலன்ற், அப்பா."

"அது நல்லம்" என்றார்.

பேர்ணடெற் குசினிக்குப் போய்விட்டாள். கஞ்சி இறக்க வேண்டியிருந்தது. அவர் இரண்டு நாளாகக் கஞ்சி குடிக்கவில்லை; ஆனாலும் காலையில் கஞ்சி வைத்தாள். குசினி வாசலில் நின்றால் ரீவி தெரியும். அவள் முதலில் அந்தப் பக்கம் பார்க்கவில்லை.

அவருக்கு இந்தப் படகுப் பைத்தியம் எப்போது பிடித்தது என்று அவளுக்கு நாள் கணக்கே தெரியும். யாழ்ப்பாணத்துச் சங்கக்கடையில் கிளாக்காக இருந்தவர், பண்ணைப் பாலத்தைக் கடக்கும்போது பஸ் யன்னலால் பார்த்ததைத் தவிர கடலோடு எந்தச் சம்பந்தமும் இல்லாதவர், நீந்தத் தெரியாதவர். கலியாணம் முடிந்து மூன்றாம் வருடம் கிளப்பின் சமையலறையில் கோப்பை கழுவப்போனார். இரண்டு மாதத்தில், தண்ணீரிலிருந்து படகைத் தூக்கிக் கழுவிச் சுரண்டிப் பெயின்ற் அடிக்கிற பகுதிக்கு மாற்றினார்கள். ஒரு புதன்கிழமை பின்னேரம் வீட்டுக்குப் பிந்தி வந்து, சப்பாத்தைக்கூடக் கழற்றாமல், "இஞ்சாரும், காத்துக்கு எதிராவும் போகலாமாம்!" என்றார். அன்றிலிருந்து ஒவ்வொரு கோடையும் புதன்கிழமைப் போட்டி முடிந்து கடைசிப் படகு கட்டும்வரை துறையில் நின்றுவிட்டுத்தான் வருவார். சாப்பாட்டு மேசையில் கரண்டியைப் படகாக்கி, பப்படத்தைப் பாயாக்கி, காற்று எங்கேயிருந்து வருகிறது, படகு எப்படி இடமும் வலமுமாக வெட்டி வெட்டி ஏறுகிறது என்று அவளுக்குச் சொல்லிக்கொடுப்பார். அவள் கேட்டுக்கொண்டு சோறு போடுவாள். சில இடத்தில் அவர் சொல்வது பிழையாக இருக்கும். அவள் ஒன்றும் சொல்லமாட்டாள்.

கரோலினுக்கு ஒன்பது வயதாக இருக்கும்போது, கிளப் அங்கத்தவர் ஒருவர் தன்னுடைய படகில் ஆள் குறைகிறது, அடுத்த புதன்கிழமை வருகிறாயா என்று அவரைக் கேட்டார். அருள்நாயகம் அதைச் சொல்ல வீட்டுக்கு ஓடிவந்தார் என்றே சொல்லலாம். மேல்மூச்சு வாங்க நின்று, போகட்டோ என்று அவளைக் கேட்டார். உங்களுக்கு நீந்தத் தெரியாது என்று மட்டும் பேர்ணடெற் சொன்னாள். அவர் போகவில்லை. பிறகு யாரும் கேட்கவும் இல்லை.

"அம்மா, கம் அண்ட் ஸீ. இந்தத் தொப்பியளைப் பாருங்கோ" என்றாள் கரோலின்.

பேர்ணடெற் அகப்பையோடு வாசலில் நின்று பார்த்தாள். அகன்ற விறாந்தையில் தாம்பாளம்போலத் தொப்பி போட்ட பெண்கள். வெள்ளைக் காற்சட்டையும் பித்தான் வைத்த கோட்டுமாக ஆண்கள். ஒருவர் கமெராவைக் கண்டு தொப்பியைக் கழற்றிக் குனிந்து வணங்கினார். பக்கத்தில் நின்ற பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். ஒரு சின்ன நாய் எல்லாருடைய காலுக்குள்ளும் ஓடியது. எல்லாரும் நல்லாகச் சாப்பிட்டு, நல்லாகத் தூங்கி எழும்பிய ஆட்களாக இருந்தார்கள். அன்றைக்கு நல்ல வெயிலும்கூட.

பிறகு ஏரி வந்தது. கரையில், போட்டியைத் தொடக்கிவைக்கச் சுடுகிற ஒரு துவக்கிலிருந்து வெள்ளைப் புகை வெடித்தது, சத்தமே இல்லாமல். இரண்டு பெரிய படகுகள், ஒன்று வெள்ளை, ஒன்று கறுப்பு, பக்கத்துக்குப் பக்கமாகச் சரிந்துகொண்டு கிளம்பின. விசுக்கோத்துக்காரரின் நீராவிப் படகு பின்னால் துரத்தியது. அதனால் படம் முழுக்க மேலும் கீழுமாக ஆடியது. அந்த ஆட்டம் பேர்ணடெற்றின் முழங்காலுக்குத் தெரிந்தது. அவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள்.

"வெள்ளையில, பின்னுக்குக் கால்மேல கால் போட்டுக்கொண்டு இருக்கிறார், அவர்தான் முதலாளி" என்றார் அருள்நாயகம். குரல் காலையைவிடத் தெளிவாக இருந்தது. "ஓடித் திரியிறது சம்பளத்துக்கு நிக்கிற ஆக்கள்."

சம்பளத்துக்கு நின்றவர்கள் வெறுங்காலோடு நின்றார்கள். கயிற்றை இரண்டு பேராக இழுத்தார்கள். தண்ணீர் தளத்தில் ஏறி அவர்களுடைய கணுக்காலை நனைத்துக்கொண்டு வழிந்தது. கறுப்புப் படகு முன்னுக்குப் போய்க்கொண்டிருந்தது. இரண்டு படகு நீளம், மூன்று படகு நீளம். அப்போது வெள்ளைப் படகு திடீரென்று திரும்பி, போகிற பாதையை விட்டு, கரைப்பக்கமாக ஓடத் தொடங்கியது.

"சரி, உது விட்டது பிழை" என்றார் அருள்நாயகம். "முன்னுக்குப் போறவனை விட்டிட்டுத் தனிய ஓடக்கூடாது. இனித் தோல்விதான்."

"இல்லை" என்றாள் பேர்ணடெற். "வெள்ளைதான் வெல்லும்."

கரோலின் திரும்பிப் பார்த்தாள். சொன்ன பிறகுதான் தன்னுடைய வாயிலிருந்து அது வந்துவிட்டதென்று பேர்ணடெற்றுக்கும் தெரிந்தது. அகப்பையிலிருந்து கஞ்சி தரையில் சொட்டியது.

"ஏன் அப்பிடிச் சொல்லுறீர்?"

அவள் கட்டிலருகே வந்தாள். "கரையில அந்தப் புகைக்குழாயைப் பாருங்கோ. படகில கொடி ஒரு பக்கம் பறக்குது, அங்க புகை மற்றப் பக்கம் சாயுது. கரையில வேற காத்து. அவன் அதைக் கண்டிட்டான்." கொஞ்சம் நிறுத்தி, "முதலாளி இல்லை. அணியத்தில, முன்னுக்கு நிக்கிற அந்த வெறுங்கால் ஆள். கையைக் காட்டுறான், தெரியுதே?" என்றாள்.

மூவரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெள்ளைப் படகு சிறுத்துப்போய்க் கரையோடு ஒட்டியது. நடுவில் பிலிம் பழுதாகி, திரை முழுக்கப் புழு ஊர்வதுபோல வெள்ளைக் கோடுகள் நெளிந்தன. அவை மறைந்தபோது வெள்ளைப் படகு மறுபடி திரும்பியிருந்தது. யாரோ பின்னாலிருந்து தள்ளுவதுபோல அது நிமிர்ந்து வந்தது. கறுப்புப் படகின் பாய் இரண்டுதரம் படபடத்து வெறுமையாகத் தொங்கியது. மிதந்துகொண்டிருந்த கொடிப் பீப்பாவை வெள்ளைதான் முதலில் சுற்றியது. அதன்பிறகு போட்டி இல்லை.

கடைசி இரண்டு நிமிடத்தில் மறுபடி விறாந்தை. கால்மேல் கால் போட்டிருந்தவர் வெள்ளிக் கிண்ணத்தை வாங்கினார். எல்லாரும் கை தட்டினார்கள். வெறுங்கால் ஆள் அந்தப் படத்தில் இல்லை.

"கரோலின்" என்றார் அருள்நாயகம், "கீழ போய் எனக்கு ஒரு இளநீர்ப் பெட்டி வாங்கிக்கொண்டு வாறியே?" அவரால் இளநீர் குடிக்க முடியாதென்று மூன்று பேருக்கும் தெரியும். கரோலின் தாயையும் தகப்பனையும் பார்த்துவிட்டு, கோட்டை எடுத்துக்கொண்டு போனாள்.

"உமக்கு எப்பிடித் தெரியும்?"

பேர்ணடெற் தண்ணீரில் நனைத்த பஞ்சுக்குச்சியால் அவருடைய உதட்டைத் துடைத்தாள். பிறகு சொல்லத் தொடங்கினாள்.

அவளுடைய தகப்பன் சூசைதாசனுக்கு ஆண் பிள்ளை இல்லை. மன்னாரில் பேசாலைக் கரையில் அவரிடம் ஒரு பாய் வள்ளம் இருந்தது. கூட வருவதற்கு ஆள் இல்லை. அவளுக்கு ஒன்பது வயதிலிருந்து அவளை ஏற்றிக்கொண்டு போனார். பதின்மூன்றில் பெரியபிள்ளை ஆனவுடன் தாய் மறித்தாள். அதற்குப் பிறகும் மூன்று வருடம், விடிவதற்கு முன்னால், தகப்பனுடைய சேட் ஒன்றைப் போட்டுத் தலையில் துவாய் கட்டிக்கொண்டு போனாள். பதினாலு வயதில் சுக்கான் அவள் கையில்தான். தகப்பன் வலையைப் பார்ப்பார். வள்ளத்தை அவள் பார்ப்பாள். கரையில் அது தெரியவந்ததும் பேச்சு எழும்பியது. பெண்பிள்ளையை ஏற்றின வள்ளத்துக்கு மீன் படாது என்றார்கள். இவளை யார் கட்டுவான் என்றும் கேட்டார்கள். தாய் அவளை யாழ்ப்பாணத்தில் இருந்த சின்னம்மா வீட்டுக்கு அனுப்பி, தையல் பழக்கினாள். கனடா மாப்பிள்ளை வந்தபோது, தகப்பனுக்கு யாவாரம் என்றுதான் சின்னம்மா சொல்லியிருந்தாள். அது அரைவாசி உண்மை, மீனும் விற்றார்.

இவ்வளவையும் அவள் ஒரே மூச்சில் சொல்லவில்லை. நடுவில் எழும்பிப்போய் அடுப்பை அணைத்துவிட்டு வந்தாள். அவருடைய தலையணையைத் திருப்பிப்போட்டாள். அவர் கண்ணை மூடாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

"எத்தினை வருசம் போனனீர்?"

"ஏழு."

"நான் கரண்டியை வைச்சு உமக்குச் சொல்லித் தந்தனான்." அவருக்குச் சிரிப்பு வந்தது, அது விக்கலாக மாறி, அடங்க நேரமெடுத்தது. "எல்லாம் பிழையோ?"

"அரைவாசி சரி."

யன்னலுக்கு வெளியே ஸ்ட்ரீற்கார் போகிற சத்தம் கேட்டது. பேர்ணடெற் அவருடைய கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அது குளிர்ந்திருந்தது.

"அண்டைக்கு அந்தாள் கூப்பிடேக்கை நான் போயிருக்கலாம், என்ன?"

"ஓம். போயிருக்கலாம்." அவள் அவருடைய முகத்தைப் பார்க்கவில்லை. "எனக்குப் பயமெண்டு நினைச்சியள். பயமில்லை. எரிச்சல்."

"என்ன எரிச்சல்?"

"அவை பாய் விட்டால் கிண்ணம் குடுக்கினம். அப்பா விட்டதுக்கு..." அவள் நிறுத்திவிட்டாள்.

மிச்சத்தை அவள் சொல்லவேண்டியதில்லை. பார்க்டேலில் ஒரு தேவாலயத்து மண்டபத்தில், அவர்களுடைய கலியாணச் சாப்பாட்டில், அதற்குள் எல்லாம் விசாரித்து அறிந்திருந்த எமில்டா மீன்குழம்பை வாயில் வைத்துவிட்டு, மீன்காரர் வீட்டுப் பெண் என்றால் குழம்புக்குக் கேட்கவேண்டுமா என்று எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னாள். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். மாப்பிள்ளை தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டார். அன்றைக்கு அவர் ஏதாவது சொல்வார் என்று பேர்ணடெற் காத்திருந்தாள். பிறகு அந்த வாரம், அந்த மாதம். கடைசியில், அந்தக் கடலையே அவள் தன்னோடு வைத்துக்கொண்டாள். அவரோ முப்பது வருடம் பக்கத்தில் படுத்துக்கொண்டு, அதே கடலைப் பணக்காரர்களின் துறையில் நின்று தேடினார்.

இப்போதும் காத்திருந்தாள். அருள்நாயகத்தின் உதடுகள் அசைந்தன. ஆனால் ஒன்றும் வரவில்லை. அவர் முகத்தைத் திரைப்பக்கம் திருப்பினார்.

"ஏன் எனக்கு ஒருநாளும் சொல்லேல்லை?"

"நீங்கள் கேக்கேல்லை."

அவர் தலையை ஆட்டினார். சற்றுக் கழித்து, "திருப்பிப் போடும்" என்றார்.

அவளுக்கு ரிமோட்டில் எதை அழுத்துவதென்று தெரியவில்லை. எதையெதையோ அழுத்த, படம் விறாந்தையைத் தாண்டி, துவக்கு வெடிக்கிற இடத்திலிருந்து ஓடத்தொடங்கியது.

"உவ்வளவு பெரிய படகை நீர் ஓட்டுவீரோ?"

"ஓட்டுவன். ஆள் வேணும்."

"நான் எந்த இடத்தில நிக்கவேணும்?"

பேர்ணடெற் திரையைப் பார்த்தாள். வெறுங்கால் மனிதர்கள் சரிந்த தளத்தில் ஓடிக்கொண்டிருந்தார்கள்.

"முன்னுக்கு" என்றாள். "அணியத்தில. நான் சொல்லேக்கை கயிறை விடோணும். கேட்டவுடன விடோணும், யோசிக்கக்கூடாது."

"சரி."

"தலையைக் குனியோணும். பாயின்ர மரம் மற்றப் பக்கம் வரும்."

"சரி."

"நனைவியள்."

"பறவாயில்லை" என்றார் அருள்நாயகம்.

வெள்ளைப் படகு திரும்புகிற இடம் வந்தபோது அவள் அவருடைய கையை ஒருதரம் அழுத்தி, "இப்ப" என்றாள். அவருடைய விரல்கள் விரிந்தன. கரையோடு போகும்போது என்ன செய்யவேண்டும், காற்று கைமாறுகிறபோது கன்னத்தில் எப்படித் தெரியும், பாய் நிறைந்துவிட்டால் மரம் எப்படி முனகும் என்று அவள் தணிந்த குரலில் சொல்லிக்கொண்டே போனாள். பேசாலையை விட்டு வந்த பிறகு அவள் வாய்விட்டுச் சொல்லாத சொற்கள் ஒவ்வொன்றாக வந்தன. வெள்ளைக் கோடுகள் நெளிகிற இடத்தில் அவர் தூங்கிவிட்டார். கரோலின் இளநீர்ப் பெட்டியோடு வந்தபோது பேர்ணடெற் இன்னும் சொல்லிக்கொண்டிருந்தாள்.

மத்தியானம் சுவாமியார் வந்து நெற்றியில் எண்ணெய் பூசி நோயில்பூசுதல் கொடுத்தார். மூன்று மணிக்கு எமில்டா வந்தாள். எழுபத்தாறு வயது, முழங்கால் நோவோடு, லிஃப்ட் ஒன்பதாம் மாடியோடு நின்றுவிட்டதென்று மிச்சம் இரண்டு மாடி படியேறி வந்திருந்தாள். தம்பியின் நெற்றியில் சிலுவை போட்டாள். அழுதாள். கட்டில் ஏன் இந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்று கேட்டாள். பிறகு கைப்பையிலிருந்து செபமாலையை எடுத்துக்கொண்டு, "உதை நிப்பாட்டு பிள்ளை, செபம் சொல்லுவம்" என்று கரோலினிடம் ரீவியைக் காட்டினாள். படம் முடிந்து முடிந்து தானாகவே முதலிலிருந்து ஓடிக்கொண்டிருந்தது.

கரோலின் ரிமோட்டை எடுத்தாள்.

"ஓடட்டும்" என்றாள் பேர்ணடெற்.

எமில்டா அவளைப் பார்த்தாள். முப்பத்திநாலு வருடத்தில் பேர்ணடெற் அவளுக்கு முன்னால் மறுத்து ஒரு சொல் சொன்னதில்லை. "சத்தம் வராது, மச்சாள். நீங்கள் சொல்லுங்கோ" என்றாள் பேர்ணடெற். எமில்டா கதிரையை இழுத்துப்போட்டுக்கொண்டு தொடங்கினாள். செபமாலையின் மூன்றாவது பத்து மணிகளை உருட்டிச் சொல்லிக்கொண்டிருக்கும்போது அருள்நாயகத்தின் மூச்சு நீளமாக வந்தது. அதற்கடுத்தது வர நெடுநேரம் எடுத்தது. அடுத்தது வரவில்லை. எமில்டா கண்ணை மூடியிருந்ததால் அவளுக்குத் தெரியவில்லை. அவள் மேலும் நாலு அருள்நிறை மரியே சொன்னாள். பேர்ணடெற் அவளை இடைமறிக்கவில்லை. திரையில் விறாந்தையில் எல்லாரும் கை தட்டிக்கொண்டிருந்தார்கள். நேரம் நாலேகால்.

அடக்கம் சனிக்கிழமை நடந்தது. ஏப்ரல் முடியப்போகிற நேரம். வெயில் இருந்தது, சூடு இல்லை. விடியற்காலையிலிருந்து காற்று அடித்தது. கிளப்பிலிருந்து படகு தூக்குகிற பகுதி ஆட்கள் நாலு பேர் வந்திருந்தார்கள். அந்த வாரம்தான் படகுகளைத் தண்ணீரில் இறக்குகிற வாரம். ஒருவருடைய நகத்தில் பெயின்ற் இருந்தது. நீலக் கோட்டுப் போட்ட ஒரு கிழவர் கைத்தடியோடு வந்து, அங்கத்தவர் என்று தன்னை அறிமுகப்படுத்தினார். அருள் நல்ல வேலையாள், இருபத்தெட்டு வருடத்தில் ஒருதரம்கூடப் பிந்தி வந்ததில்லை என்று பேர்ணடெற்றின் கையைப் பிடித்துச் சொன்னார். அவள் நன்றி சொன்னாள்.

குழியின் மேல் ஒரு பச்சைக் கூடாரச் சீலை கட்டியிருந்தார்கள். சவப்பெட்டி பட்டிகளின் மேல் வைக்கப்பட்டிருந்தது. சுவாமியார் புத்தகத்தைத் திறந்து இரண்டு வரி வாசிப்பதற்குள், ஏரிப்பக்கத்திலிருந்து வந்த ஒரு வீச்சில் சீலையின் ஒரு மூலை கயிற்றோடு பிய்த்துக்கொண்டு எழும்பியது. சீலை படபடவென்று அடித்தது. பூக்கூடை ஒன்று சரிந்தது. செபத்தாள்கள் பறந்தன. தோடம்பழம்போலச் செம்மஞ்சள் நிறச் சட்டை போட்ட சேமக்காலைத் தொழிலாளி ஒருவன் பாய்ந்து கயிற்றைப் பிடித்தான். அது அவனையும் இழுத்துக்கொண்டு போனது. மற்றவன் தூணைக் கட்டிப்பிடித்தான். தூண் ஆடியது. சுவாமியார் தலையைக் குனிந்துகொண்டு ஒரு அடி பின்னுக்குப் போனார். எமில்டா தலைமயிரை ஒரு கையாலும் கோட்டை ஒரு கையாலும் பிடித்தாள். யாரோ, தள்ளி நில்லுங்கோ, தள்ளி நில்லுங்கோ என்றார்கள்.

பேர்ணடெற் கரோலினிடம் கைப்பையைக் கொடுத்துவிட்டு வரிசையை விட்டு வெளியே வந்தாள். கறுப்புச் சேலையின் கரை புல்லில் இழுபட்டது. அவள் அந்தத் தொழிலாளியிடமிருந்து கயிற்றை வாங்கினாள். அவன் எப்படி விட்டான் என்று அவனுக்கே தெரிந்திருக்காது. அவள் இழுக்கவில்லை. கயிற்றைக் கையில் வைத்துக்கொண்டு, முகத்தைக் காற்றுப் பக்கம் திருப்பிக்கொண்டு நின்றாள். சீலை மேலே வயிறு புடைத்து நின்றது. எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். காற்று ஒரு மூச்சு விடுகிற நேரம் தளர்ந்தது. அந்த நேரத்துக்குள் கயிறு தூணை இரண்டுதரம் சுற்றி, தன்னைத்தானே ஒருதரம் தாண்டி, அவள் கையில் இறுகிவிட்டது. அடுத்த வீச்சு வந்தது. சீலை ஒருதரம் முனகிவிட்டு அப்படியே நின்றது.

அவள் திரும்பி வந்து தன்னுடைய இடத்தில் நின்றாள். பக்கத்தில் நின்ற எமில்டா அவளுடைய கையைப் பார்த்தாள். உள்ளங்கையில் கயிறு ஓடிய இடம் சிவந்திருந்தது. எமில்டா கொஞ்சம் அரக்கித் தள்ளி நின்று, குழிக்குக் கிட்ட உள்ள இடத்தை அவளுக்கு விட்டாள். சுவாமியார் விட்ட வரியைத் தேடி எடுத்து வாசித்தார்.

எல்லாம் முடிய அரை மணித்தியாலம் ஆனது. ஒவ்வொருவராக மண் போட்டார்கள், பூப் போட்டார்கள், கட்டித் தழுவினார்கள். கார்கள் ஒன்றொன்றாகக் கிளம்பின. கரோலின் காரை எடுக்கும்போது பேர்ணடெற் யன்னலால் பார்த்தாள். தொழிலாளிகள் கூடாரத்தைக் கழற்றிக்கொண்டிருந்தார்கள். மூன்று மூலை இறங்கிவிட்டது. தோடம்பழ நிறச் சட்டைக்காரன் நாலாவது தூணுக்கு முன்னால் நின்று, முடிச்சை விரலால் இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தான். சட்டைப் பைக்குள் கத்தியைத் தேடினான்.

"பொறு பிள்ளை" என்றாள் பேர்ணடெற். கண்ணாடியை இறக்கினாள். அவன் நிமிர்ந்து பார்த்ததும், கீழே தொங்குகிற சின்ன முனையைக் கையால் காட்டி, இழுக்கிறதுபோலச் செய்தாள்.

அவன் அதைப் பிடித்து இழுத்தான். முடிச்சு ஒரே இழுவையில் கழன்றது. சீலை நிறையக் காற்றை ஒருதரம் வாங்கிக்கொண்டு, பிறகு மெல்லப் புல்லில் இறங்கியது.